கேட்காமல் போட்ட உத்தரவும் கேட்டுப் போட்ட சட்டமும்

குழந்தைகளே! ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை, வேலூர் ஆகிய ஊர்களின் பெயர்களைச் சொன்னதும் உங்களுக்கு என்ன நினைவுக்கு வருகிறது? "பிரியாணி!" என்று சிலர் கத்துவது காதில் விழுகிறது. சரி, அதுவும் உண்மைதான். ஆனால் இந்த ஊர்களுக்கு உலகம் முழுவதும் பெயர் வாங்கித் தந்தது தோல். இங்கே பதனிட்ட தோலும், இங்கே தைத்த காலணிகளும் கப்பலேறி வெளிநாடுகளுக்குப் போகின்றன. ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்கு அடுப்பு எரிவது தோல் தொழிலால்தான்.

இதே வட்டாரத்தில் 200 ஆண்டுகளுக்கு முன்பு, உள்ளங்கைக்குள் அடங்கிவிடக்கூடிய ஒரு சிறிய தோல் துண்டு பெரிய புயலையே கிளப்பியது. அந்தப் புயலில் ஒரு கவர்னரின் பதவியும் பறந்துபோனது. அவர்தான் வில்லியம் பெண்டிங் பிரபு. "சதியை ஒழித்தவர்" என்று உங்கள் சமூக அறிவியல் பாடத்தில் படித்திருப்பீர்களே, அவரேதான்!

வேலூரில் பதவி இழந்தவர், பிற்காலத்தில் எப்படி அவ்வளவு பெரிய சட்டத்தைக் கொண்டுவந்தார்? அந்தக் கதையைத்தான் இன்று பார்க்கப்போகிறோம்.

பதினாறு வயதில் படைவீரர்

பெண்டிங் 1774-ஆம் ஆண்டு செப்டம்பர் 14-ஆம் நாள் இங்கிலாந்தில் ஒரு பெரிய பிரபுவின் குடும்பத்தில் பிறந்தார். அவருடைய தந்தை போர்ட்லண்ட் கோமகன், இங்கிலாந்தின் பிரதமராக இரண்டு முறை இருந்தவர். பெண்டிங் இரண்டாவது மகன். அந்நாட்டு வழக்கப்படி பட்டமும் சொத்தும் மூத்த மகனுக்கே போகும். இளையவர்கள் வேறு வழி தேடிக்கொள்ள வேண்டும். அதற்குப் படையில் சேருவது ஒரு வழி.

1791-இல், தம் பதினாறாவது வயதில், பெண்டிங் படை அதிகாரியாகச் சேர்ந்தார். உங்களில் பதினொன்றாம் வகுப்பு படிக்கும் அண்ணன், அக்கா யாருக்காவது இருந்தால் அவர்களை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த வயதுதான்! ஐரோப்பாவில் அப்போது பிரெஞ்சுப் புரட்சியை அடுத்துப் போர்கள் மூண்டிருந்தன. அவற்றில் அவர் பங்குகொண்டார். 1796-இல் நாடாளுமன்ற உறுப்பினராகவும் ஆனார். அந்தக் காலத்து இங்கிலாந்தில் ஒருவரே படை அதிகாரியாகவும் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருக்க முடிந்தது.

1803-இல் அவரைச் சென்னை மாகாணத்தின் கவர்னராகக் கிழக்கிந்தியக் கம்பெனி அனுப்பியது. அப்போது அவருக்கு 29 வயதுகூட நிறையவில்லை. இந்தியாவை அவர் அதற்கு முன் பார்த்ததில்லை. இங்குள்ள மக்களின் மொழியோ பழக்கவழக்கமோ அவருக்குத் தெரியாது. ஆனால் அவர் போடும் கையெழுத்து தென்னிந்தியாவின் பெரும்பகுதியில் சட்டமாகிவிடும்!

தலையில் ஏறிய தோல்

அப்போது சென்னை மாகாணப் படையின் தலைமைத் தளபதியாக இருந்தவர் சர் ஜான் கிரடாக். படைவீரர்கள் எல்லாரும் பார்ப்பதற்கு ஒரே மாதிரி, மிடுக்காக இருக்க வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார்.

1805-ஆம் ஆண்டின் இறுதியில் இந்தியச் சிப்பாய்களுக்குப் புதிய தலைப்பாகை ஒன்றை வடிவமைத்தார்கள். அது நம் ஊர்த் தலைப்பாகை போல இல்லை. ஐரோப்பியர் அணியும் வட்டத் தொப்பியைப் போல இருந்தது. அதன் முகப்பில் தோலால் செய்த ஒரு வில்லை இருந்தது. அடுத்து 1806 மார்ச் மாதத்தில் படைகளுக்கான விதிகளைத் தொகுத்து ஒரு நூலாக வெளியிட்டார்கள். அதில் புதிதாக ஒரு விதி நுழைந்திருந்தது. அணிவகுப்பின்போது நெற்றியில் சமயக் குறி இருக்கக்கூடாது, காதில் கடுக்கன் போடக்கூடாது, தாடி வைக்கக்கூடாது, மீசையைக் கூடச் சொன்ன அளவில்தான் வைக்க வேண்டும்!

சிப்பாய்கள் திகைத்துப்போனார்கள். ஏன் தெரியுமா?

திருநீறும் நாமமும் இட்டுக்கொள்வது இந்துச் சிப்பாய்களின் பழக்கம். தாடி வைப்பது முஸ்லிம் சிப்பாய்களின் பழக்கம். ஒரே உத்தரவு இரண்டு பேரையும் புண்படுத்தியது. போதாக்குறைக்கு அந்தத் தோல் வில்லை! "இது என்ன தோல்? மாட்டுத் தோலா, பன்றித் தோலா?" என்ற கேள்வி படைமுகாம்களில் பரவியது. மாட்டுத் தோலாக இருந்தால் இந்துக்கள் தலையில் வைக்க மாட்டார்கள். பன்றித் தோலாக இருந்தால் முஸ்லிம்கள் தொடவே மாட்டார்கள்.

குழந்தைகளே, இங்கே ஒன்றைக் கவனியுங்கள். இன்று ஆம்பூரில் உள்ள டேனரியில் நெடுங்காலம் வேலை பார்த்த ஒரு பெரியவரிடம் பதனிட்ட தோல் ஒன்றைக் கொடுங்கள். மேற்புறத்தை விரலால் தடவி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "இது ஆட்டுத் தோல், இது மாட்டுத் தோல்" என்று சொல்லிவிடுவார். முடி முளைத்த இடத்தில் இருக்கும் நுண்ணிய துளைகளே அதற்கு அடையாளம். பன்றித் தோலில் அந்தத் துளைகள் மூன்று மூன்றாகச் சேர்ந்திருக்கும். மாட்டுத் தோலில் அவை நெருக்கமாகவும் சீராகவும் பரவியிருக்கும். ஆனால் சாயம் ஏற்றி, மெருகு போட்டு, சின்ன வில்லையாக வெட்டிய பிறகு பார்த்தால் யாருக்குத் தெரியும்? கொடுப்பவர்தான் சொல்ல வேண்டும். அன்று கொடுத்தவர்கள் சிப்பாய்களின் மனம் நிறையும்படி எதுவும் சொல்லவில்லை.

இன்னொரு பயமும் இருந்தது. அந்தக் காலத்தில் ஐரோப்பியர்களுக்கு நம் மக்கள் வைத்திருந்த பெயர் "தொப்பிக்காரர்கள்". "இந்தத் தொப்பியை நாம் மாட்டிக்கொண்டால் ஊரில் நம்மையும் தொப்பிக்காரன் என்பார்களே! யாரும் நம்மோடு சேர்ந்து உண்ண மாட்டார்களே! நம்மை மதம் மாற்றத்தான் இந்த ஏற்பாடா?" என்று சிப்பாய்கள் கலங்கினார்கள்.

மூன்று முறை தட்டிய கதவு

பெரிய ஆபத்துகள் பெரும்பாலும் சொல்லாமல் வருவதில்லை. வேலூரிலும் மூன்று முறை எச்சரிக்கை வந்தது.

முதல் எச்சரிக்கை 1806 மே மாதம் வந்தது. வேலூர்க் கோட்டையில் இருந்த ஒரு படைப்பிரிவின் சிப்பாய்கள் புதிய தலைப்பாகையை அணிய மறுத்தார்கள். "ஏன் மறுக்கிறீர்கள்?" என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. விசாரணை நடத்தித் தண்டனை கொடுத்தார்கள். ஒரு இந்துச் சிப்பாய்க்கும் ஒரு முஸ்லிம் சிப்பாய்க்கும் சவுக்கடி கிடைத்தது, வேலையும் போனது. மற்றவர்கள் மன்னிப்புக் கேட்டதால் விடப்பட்டார்கள்.

இரண்டாவது எச்சரிக்கை ஜூன் மாதம் வந்தது. முஸ்தபா பேக் என்ற சிப்பாய் தம் அதிகாரியிடம் சென்று, "கோட்டைக்குள் சதித்திட்டம் நடக்கிறது" என்று சொன்னார். அந்த அதிகாரி விசாரிக்கும் பொறுப்பை இந்திய அதிகாரிகளிடமே விட்டார். அவர்களில் பலர் சதியில் பங்கு பெற்றவர்கள்! "இவனுக்குப் பைத்தியம்" என்று அவர்கள் சொன்னார்கள். முஸ்தபா பேக்கையே பிடித்து அடைத்துவிட்டார்கள். அவர் சொன்னது உண்மை என்று தெரிந்தபோது காலம் கடந்துவிட்டது.

மூன்றாவது எச்சரிக்கை சென்னைக்கே போனது. தலைமைத் தளபதி கிரடாக்குக்கே சந்தேகம் வந்துவிட்டது. தலைப்பாகை விஷயத்தில் என்ன செய்யலாம் என்று கவர்னரிடம் யோசனை கேட்டார். ஜூலை மாதத் தொடக்கத்தில் பெண்டிங்கும் அவருடைய ஆலோசனைக் குழுவினரும் கூடினார்கள். "உங்கள் சமய வழக்கங்களில் தலையிடும் எண்ணம் அரசுக்கு இல்லை" என்று சிப்பாய்களுக்குச் சொல்லும் அறிவிப்பு ஒன்று எழுதித் தயாரானது. ஆனால், "நாம் நினைத்த அளவுக்கு மனக்குறை இல்லை போலிருக்கிறது" என்று எண்ணி, அதை வெளியிடாமல் வைத்துவிட்டார்கள்.

அந்தக் காகிதம் மேசையிலேயே இருந்தது. ஒரு வாரம்கூட ஆகவில்லை. வேலூர் தீப்பிடித்தது!

1806, ஜூலை 10

வேலூர்க் கோட்டையை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அகன்ற அகழி, உயர்ந்த மதில், உள்ளே ஜலகண்டேஸ்வரர் கோவில். 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு சுல்தான் வீரமரணம் அடைந்த பிறகு, அவருடைய பிள்ளைகளையும் குடும்பத்தாரையும் ஆங்கிலேயர்கள் இந்தக் கோட்டையில்தான் வைத்திருந்தார்கள். 1806 ஜூலை 9-ஆம் நாள் திப்புவின் மகள் ஒருவருக்குத் திருமணம். கோட்டைக்குள் ஆட்கள் வருவதும் போவதுமாக இருந்தார்கள்.

அன்று நள்ளிரவு தாண்டி, ஜூலை 10-ஆம் நாள் விடியும் முன்பு துப்பாக்கிகள் வெடித்தன. ஏறத்தாழ 1,500 இந்தியச் சிப்பாய்கள் கோட்டையில் இருந்தார்கள். ஆங்கிலேய வீரர்கள் நானூறுக்கும் குறைவு. கோட்டைத் தளபதி கர்னல் பேன்கோர்ட் உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட ஆங்கிலேயர்கள் உயிரிழந்தார்கள். படுக்கையில் கிடந்த நோயாளிகளும் தப்பவில்லை. பேன்கோர்ட்டின் மனைவி தம் இரண்டு சிறு குழந்தைகளோடு ஒரு கோழிக்கூண்டில் ஒளிந்து உயிர் பிழைத்தார். பிறகு அன்று நடந்ததை எல்லாம் அவர் எழுதிவைத்தார்.

கோட்டை மீது திப்புவின் கொடி பறந்தது. ஆனால் சில மணி நேரம்தான்.

கோட்டைக்கு வெளியே இருந்த மேஜர் கோட்ஸ் என்பவர் ராணிப்பேட்டைக்குத் தகவல் கொண்டுபோனார். ஆற்காட்டுக் குதிரைப்படையின் முகாம் அங்கேதான் இருந்தது. இன்று பேருந்தில் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடும் தூரம். கர்னல் கில்லஸ்பி என்ற அதிகாரி குதிரைப்படையோடு பாய்ந்து வந்தார். பீரங்கியால் கோட்டைக் கதவைத் தகர்த்து உள்ளே நுழைந்தார்கள். முந்நூறுக்கும் மேற்பட்ட இந்தியச் சிப்பாய்கள் கொல்லப்பட்டார்கள். சரணடைந்தவர்களையும் சுவர் ஓரமாக நிறுத்திச் சுட்டார்கள். பிடிபட்ட பலருக்குப் பிறகு மரண தண்டனை கிடைத்தது. சிலரைப் பீரங்கி வாயில் கட்டிச் சுட்டார்கள். படிக்கும்போதே உடல் நடுங்குகிறது அல்லவா?

இந்தப் புரட்சிக்குத் தலைப்பாகை மட்டும்தான் காரணம் என்று சொல்லிவிட முடியாது. அந்நியர் ஆட்சி மீது வெறுப்பு இருந்தது. ஐந்து ஆண்டுகளுக்கு முன்புதான் பாளையக்காரர்களின் போர் ஒடுக்கப்பட்டிருந்தது. திப்பு மீது பற்று வைத்திருந்தவர்களும் கோட்டையில் இருந்தார்கள். மனங்களில் விறகு ஏற்கெனவே அடுக்கப்பட்டிருந்தது. அந்தத் தலைப்பாகை தீக்குச்சியாக வந்து சேர்ந்தது.

"நான் படிக்கவே இல்லை!"

ஒரே வாரத்தில் அந்த உத்தரவுகள் திரும்பப் பெறப்பட்டன. வேலூரில் இருந்த சிப்பாய்ப் படைப்பிரிவுகள் கலைக்கப்பட்டன. திப்புவின் பிள்ளைகள் கல்கத்தாவுக்கு அனுப்பப்பட்டார்கள்.

"யார் பொறுப்பு?" என்ற கேள்வி லண்டனில் எழுந்தது. 1807-இல் கம்பெனியின் இயக்குநர்கள் கிரடாக்கையும் பெண்டிங்கையும் பதவியிலிருந்து திரும்ப அழைத்தார்கள். வேடிக்கையைப் பாருங்கள்! பெண்டிங்கின் தந்தை இரண்டாம் முறையாக இங்கிலாந்தின் பிரதமரானதும் அதே 1807-இல்தான். அப்பா பிரதமராக இருந்தும் மகனின் பதவி தப்பவில்லை.

பெண்டிங் மனம் நொந்து, தமக்கு அநியாயம் நடந்துவிட்டது என்று இயக்குநர்களுக்கு 1809-இல் ஒரு நீண்ட விண்ணப்பம் எழுதினார். அதில் அவர் சொன்ன ஒரு செய்தி நம்மை யோசிக்க வைக்கும். நெற்றிக் குறியையும் தாடியையும் பற்றிய விதி ஒரு தடித்த விதித் தொகுப்புக்குள் இருந்தது. பெரும்பாலும் பழைய விதிகள்தானே என்று எண்ணித் தாம் ஒப்புதல் கொடுத்ததாகவும், அந்தப் பத்தி தம் கவனத்துக்கே வரவில்லை என்றும் அவர் எழுதினார்.

அவர் பொய் சொன்னதாகத் தெரியவில்லை. ஆனால் நீங்களே சொல்லுங்கள். படிக்காமல் ஒப்புதல் கொடுத்தவருக்குப் பொறுப்பு இல்லையா? சவுக்கடி பட்டவர்களுக்கும் செத்துப்போனவர்களுக்கும் "நான் அந்தப் பத்தியைப் படிக்கவில்லை" என்ற பதிலால் என்ன பயன்?

மீண்டும் இந்தியா

பெண்டிங் மறுபடி படைக்குப் போனார். ஸ்பெயினிலும் இத்தாலியிலும் நெப்போலியனின் படைகளை எதிர்த்துப் பணியாற்றினார். நாடாளுமன்றத்திலும் உறுப்பினராக இருந்தார். ஆனால் வேலூரில் பட்ட களங்கம் அவர் மனத்தில் முள்ளாகவே இருந்தது.

இருபது ஆண்டுகள் கழித்து வாய்ப்பு வந்தது. 1828 ஜூலையில் அவர் கவர்னர் ஜெனரலாகக் கல்கத்தாவில் பதவி ஏற்றார். சென்னையில் தோற்றவர், இப்போது கம்பெனி ஆட்சியிலேயே மிக உயர்ந்த நாற்காலியில்!

அந்த நாற்காலியில் உட்கார்ந்ததும் ஒரு பெரிய கேள்வி அவர் முன்னால் நின்றது. கணவன் இறந்தால், அவன் உடலை எரிக்கும் சிதையிலேயே மனைவியையும் உயிரோடு எரிக்கும் கொடிய வழக்கம் அன்று இருந்தது. அதுதான் சதி. 1828-ஆம் ஆண்டில் மட்டும் வங்காள மாகாணத்தில் 463 பெண்கள் இப்படி இறந்ததாக அரசுக் கணக்கே சொன்னது. அந்தப் பெண்களில் சிலர், இன்று பள்ளிக்குப் போகும் வயதில் இருந்த சிறுமிகள்.

முன்பு இருந்த ஆட்சியாளர்களுக்கும் இது தெரியும். ஆனால் அவர்கள் தயங்கினார்கள். "சமய விஷயத்தில் கை வைத்தால் சிப்பாய்கள் கிளர்ந்து எழுவார்கள்" என்று பயந்தார்கள். அந்தப் பயத்துக்குப் பெரிய எடுத்துக்காட்டு எது தெரியுமா? வேலூர்!

பெண்டிங் நினைத்திருந்தால், "எனக்கேன் வம்பு? ஒரு முறை பட்டது போதும்" என்று ஒதுங்கியிருக்கலாம். அல்லது சென்னையில் செய்தது போல ஒரே கையெழுத்தில் உத்தரவு போட்டிருக்கலாம். இரண்டையும் அவர் செய்யவில்லை. இந்த முறை அவர் கேட்டார்.

49 கடிதங்கள்

சிப்பாய்களோடு நெருங்கிப் பழகிய படை அதிகாரிகள் 49 பேருக்கு அவர் ரகசியமாகக் கடிதம் அனுப்பினார். "சதியைத் தடை செய்தால் சிப்பாய்கள் என்ன நினைப்பார்கள்?" என்று கேட்டார். பதில்கள் வந்ததும் அவற்றை வகை பிரித்து எண்ணினார். நாம் வகுப்பில் கை தூக்கச் சொல்லி எண்ணுகிறோமே, அது போல!

தலையிடவே கூடாது என்றவர்கள் 5 பேர். ஒழிய வேண்டும், ஆனால் நேரடித் தடை வேண்டாம் என்றவர்கள் 12 பேர். அதிகாரிகள் மறைமுகமாகத் தடுக்கலாம் என்றவர்கள் 8 பேர். உடனே, வெளிப்படையாகத் தடை செய்யலாம் என்றவர்கள் 24 பேர். கூட்டிப் பாருங்கள், 49 வருகிறதா?

நீதிபதிகளிடமும் கேட்டார். இந்தியப் பெரியவர்களிடமும் கேட்டார். சதிக்கு எதிராகப் பல ஆண்டுகள் எழுதியும் பேசியும் போராடிவந்த ராஜாராம் மோகன்ராயின் கருத்தையும் கேட்டார். ஆச்சரியம் என்னவென்றால், "திடீரென்று தடைச் சட்டம் போட வேண்டாம், மெல்ல மெல்லத் தடுக்கலாம்" என்றே மோகன்ராய் சொன்னார். அவருக்கும் அச்சம் இருந்தது.

எல்லாவற்றையும் கேட்ட பிறகு பெண்டிங் முடிவு செய்தார். 1829 டிசம்பர் 4-ஆம் நாள் சதி குற்றம் என்று சட்டம் வந்தது. அதை வங்காளியில் மொழிபெயர்க்கும் பணி வில்லியம் கேரி என்ற பாதிரியாரிடம் வந்தது. அன்று ஞாயிற்றுக்கிழமை. தேவாலயத்தில் அவர் பிரசங்கம் செய்ய வேண்டிய நாள். "நான் ஒரு மணி நேரம் தாமதித்தால்கூட ஓர் உயிர் போகலாமே" என்று எண்ணி, பிரசங்கத்தை வேறொருவரிடம் விட்டுவிட்டு, அன்று இரவுக்குள் மொழிபெயர்ப்பை முடித்தார். 1830-இல் நம் சென்னை மாகாணத்திலும் சதி தடை செய்யப்பட்டது.

எதிர்ப்பு இல்லாமல் இல்லை. சட்டத்தை நீக்க வேண்டும் என்று சிலர் லண்டன் வரை முறையிட்டார்கள். 1832-இல் அந்த முறையீடு தள்ளுபடி ஆனது. அப்போது இங்கிலாந்தில் இருந்த மோகன்ராய் சட்டத்துக்கு ஆதரவாக நின்றார். பயந்தபடி சிப்பாய்கள் கிளர்ந்து எழவில்லை.

1835-இல் பெண்டிங் இன்னோர் உத்தரவும் போட்டார். இந்தியச் சிப்பாய்களுக்குச் சவுக்கடி தண்டனை இனிக் கூடாது! வேலூரில் தலைப்பாகை அணிய மறுத்த அந்த இருவரின் முதுகு உங்களுக்கு நினைவுக்கு வருகிறதா? 29 ஆண்டுகளுக்குப் பிறகு வந்த உத்தரவு அது. பத்து ஆண்டுகளில் வேறொரு கவர்னர் ஜெனரல் அந்தத் தண்டனையை மீண்டும் கொண்டுவந்துவிட்டார் என்பது வருத்தமான செய்தி.

நல்லவரா, கெட்டவரா?

வகுப்பில் வரலாற்றுப் பாடம் நடத்தினால் யாராவது ஒரு மாணவர் எழுந்து, "ஐயா, இவர் நல்லவரா, கெட்டவரா?" என்று கேட்பதுண்டு. பெண்டிங்கைப் பற்றிக் கேட்டால் ஒரே சொல்லில் பதில் சொல்ல முடியாது.

சதியைத் தடை செய்தார். வழிப்போக்கர்களைக் கொன்று கொள்ளையடித்த "தக்கர்" கூட்டங்களை ஒடுக்கக் கர்னல் சிலீமனுக்குத் துணை நின்றார். கல்கத்தாவில் மருத்துவக் கல்லூரி தொடங்கச் செய்தார். ஆனால் 1834-இல் குடகு நாட்டின் மீது படை அனுப்பி அதைப் பிடுங்கிக்கொண்டதும் அவரே. 1835-இல் அரசின் கல்விப் பணத்தை ஆங்கிலக் கல்விக்கே செலவிட வேண்டும் என்று உத்தரவு போட்டதும் அவரே. வடமொழியும் அரபியும் பயின்றவர்கள் அதை எதிர்த்து மனுக் கொடுத்தார்கள். அந்த உத்தரவைப் பற்றி இன்றும் அறிஞர்கள் வாதாடுகிறார்கள். எப்படிப் பார்த்தாலும் அவர் நம்மை ஆள வந்த கம்பெனியின் ஆள்தான். நாம் தேர்ந்தெடுத்த தலைவர் அல்ல.

1835-இல் அவர் ஊர் திரும்பினார். அடுத்த ஆண்டு ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகர மக்கள் அவரை நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுத்தார்கள். 1837-இல் விக்டோரியா அரசியானபோது அவர் அந்த மன்றத்தில்தான் இருந்தார். இந்தியாவுக்கும் இங்கிலாந்துக்கும் இடையே நீராவிக் கப்பல் விடுவது பற்றி ஆராய்ந்த குழுவுக்கு அவரே தலைவர். அதற்கு முன் ஒரு கடிதம் கப்பலில் போய்ச் சேரப் பல மாதங்கள் ஆகும். அவரைப் பதவி நீக்கிய கடிதமே லண்டனிலிருந்து சென்னைக்கு வரச் சுமார் ஐந்து மாதம் ஆனது! 1839 ஜூன் 17-ஆம் நாள் பாரிஸ் நகரில் அவர் இறந்தார்.

மறுபடியும் அதே கேள்வி

பெண்டிங் கற்ற பாடத்தை அவருக்குப் பின் வந்தவர்கள் கற்றார்களா?

1857-ஆம் ஆண்டு. வடஇந்தியாவில் சிப்பாய்களுக்குப் புதிய துப்பாக்கி கொடுத்தார்கள். அதன் தோட்டா உறையைப் பல்லால் கடித்துத் திறக்க வேண்டும். உறையில் கொழுப்பு தடவியிருந்தது. "இது என்ன கொழுப்பு? மாட்டுக் கொழுப்பா, பன்றிக் கொழுப்பா?" என்று சிப்பாய்கள் கேட்டார்கள். மீரட் நகரில் தோட்டாவை வாங்க மறுத்தவர்களைச் சிறையில் அடைத்தார்கள். 1857 மே 10-ஆம் நாள் பெரும் புரட்சி வெடித்தது.

வேலூரில் தோல், மீரட்டில் கொழுப்பு. கேள்வி ஒன்றே! 51 ஆண்டுகள் இடைவெளி இருந்தும், பதில் சொல்ல வேண்டியவர்கள் முதலில் தண்டனையைத்தான் கையில் எடுத்தார்கள்.

குழந்தைகளே, நாளை நீங்கள் வகுப்புத் தலைவராகலாம், விளையாட்டு அணியின் கேப்டனாகலாம், பிறகு அதிகாரியாகலாம், ஷூ கம்பெனிக்கே முதலாளியாகலாம். உங்கள் வாய்ச்சொல் பிறருக்கு உத்தரவாகும் நாள் வரும். அன்று ஒரு விதியை எழுதும் முன், அந்த விதியோடு வாழப்போகிறவர்களைக் கூப்பிட்டுக் கேளுங்கள். ஒருவர் மறுத்தால், கோபப்படும் முன் "ஏன்?" என்று கேளுங்கள். கையெழுத்துப் போடும் முன் கடைசிப் பத்தி வரை படியுங்கள். அடுத்த முறை வேலூர்க் கோட்டைக்குச் சுற்றுலா போனால் அகழி ஓரம் நின்று முஸ்தபா பேக்கையும், சவுக்கடி பட்ட அந்த இரண்டு சிப்பாய்களையும் ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளுங்கள்.

தெரியுமா உங்களுக்கு?

* வேலூர்ப் புரட்சியில் உயிர் நீத்தவர்களின் நினைவாக வேலூர் மக்கான் சந்திப்பில் நினைவுத் தூண் உள்ளது.

* புரட்சியின் 200-ஆம் ஆண்டையொட்டி 2006-இல் இந்திய அஞ்சல் துறை சிறப்பு அஞ்சல்தலை வெளியிட்டது.

* கல்கத்தாவுக்கு அனுப்பப்பட்ட திப்புவின் பிள்ளைகளில் இளையவரான குலாம் முகமது, தம் தந்தையின் பெயரில் அங்கே ஒரு பள்ளிவாசல் கட்டினார். இன்றைய கொல்கத்தாவின் நடுவில் அது இருக்கிறது.

* பெண்டிங்கின் சிலை கொல்கத்தா விக்டோரியா நினைவு மண்டபத் தோட்டத்தில் உள்ளது. அதன் பீடத்தில் சதியின் கொடுமையைக் காட்டும் சிற்பம் செதுக்கப்பட்டிருக்கிறது.

யோசித்துச் சொல்லுங்கள்!

1. வேலூரில் வந்த மூன்று எச்சரிக்கைகளில், எந்த ஒன்றைக் கேட்டிருந்தால் புரட்சி வராமல் இருந்திருக்கும் என்று நினைக்கிறீர்கள்? ஏன்?

2. முஸ்தபா பேக்கின் இடத்தில் நீங்கள் இருந்தால் சொல்லியிருப்பீர்களா, சொல்லாமல் இருந்திருப்பீர்களா? இதற்குச் சரியான விடை என்று ஒன்று இல்லை. வீட்டில் தாத்தா பாட்டியோடு பேசிப் பாருங்கள்.

3. உங்கள் பள்ளியில் உள்ள ஏதேனும் ஒரு விதியை எடுத்துக்கொள்ளுங்கள். அது எதற்காக வந்தது என்று ஆசிரியரிடம் பணிவோடு கேட்டு, நான்கு வரிகளில் எழுதுங்கள்.